பனித்தட்டில் சிக்கிய குழு உயிரோடு கரை சேர்வது எப்படி? செல்யுஸ்கின் முகாம் காட்டும் வழி, படிப்படியாக

1934 பிப்ரவரி 13. சைபீரியாவின் வடகிழக்கு மூலைக்கு மேலே இருக்கும் சுக்சி கடலில், செல்யுஸ்கின் என்ற சோவியத் நீராவிக் கப்பலைப் பனி இரண்டு பக்கமும் நெருக்கி உடைத்தது. மதியம் ஒன்றரை மணி வாக்கில் இடது பக்கம் கிழிந்தது, மூன்றரை மணிக்கு அங்கே கப்பல் இல்லை. பனியின் மேல் 104 பேர் நின்றார்கள். அதில் பத்துப் பெண்கள், இரண்டு குழந்தைகள். ஒரு குழந்தை அந்தப் பயணத்திலேயே காரா கடலில் பிறந்தது, ஆறு மாதம்கூட நிறையவில்லை. சரியாக இரண்டு மாதம் கழித்து, ஏப்ரல் 13 அன்று, அந்த 104 பேரும் கரையில் இருந்தார்கள்.

துருவப் பயணம் என்றால் பொதுவாக நம் நினைவுக்கு வருவது அன்டார்க்டிகாவில் பிரிட்டிஷ் துருவப் பயணி ஷாக்கில்டன் பட்ட பாடுதான். ஆனால் பனியில் சிக்கினால் என்ன செய்யவேண்டும் என்று யாராவது என்னிடம் கேட்டால் நான் செல்யுஸ்கினைத்தான் சொல்வேன். காரணம் ஒன்றுதான்: இவர்கள் மீட்புக்காகக் காத்திருக்கவில்லை, மீட்பின் பாதி வேலையைப் பனிமேல் இருந்தபடியே செய்து முடித்தார்கள். வருகிற விமானிக்கு நாம் எங்கே இருக்கிறோம் என்று சொல்வது, இறங்க இடம் போட்டுக் கொடுப்பது, அந்த இடம் உடைந்தால் அடுத்ததைப் போடுவது, இதெல்லாம் சிக்கியவர்கள் கையில்தான் இருக்கிறது. கீழே உள்ள ஒவ்வொரு படியையும் அந்தக் கண்ணோடு படியுங்கள். பொறுப்பு உங்கள் தலையில் இருக்கிறது என்று நினைத்துக்கொண்டே வாருங்கள்.

படி 1: கப்பல் மூழ்குவதற்கு முன்பே மூட்டை கட்டுங்கள்

செல்யுஸ்கின் ஒரே நாளில் மாட்டிக்கொண்ட கப்பல் இல்லை. லெனின்கிராடில் இருந்து 1933 ஜூலையில் கிளம்பி, வடக்குக் கடல்வழி முழுவதையும் ஒரே பருவத்தில் கடந்துவிட வேண்டும் என்பது திட்டம். அதற்கு முந்தைய ஆண்டு சிபிரியாக்கோவ் என்ற பனியுடைக்கும் கப்பலில் இதே தலைவர் ஓட்டோ ஷ்மிட்டும் இதே கேப்டன் விளாதிமிர் வொரோனினும் அதைச் செய்து காட்டியிருந்தார்கள். ஆனால் செல்யுஸ்கின் முழு பனியுடைப்புக் கப்பல் கிடையாது, வலுப்படுத்திய சரக்குக் கப்பல்தான். நவம்பர் தொடக்கத்தில் பேரிங் நீரிணை வரை வந்துவிட்டது, திறந்த கடல் எட்டும் தூரத்தில் இருந்தது. அப்போது பனியோட்டம் திரும்பிக் கப்பலை மறுபடி வடக்கே இழுத்துக்கொண்டு போய்விட்டது. அந்தக் கட்டத்தைப் படிக்கும்போது எனக்கு ஒவ்வொரு முறையும் மனசு கனத்துப்போகும்.

அதற்குப் பிறகு அவர்கள் செய்ததுதான் இந்தப் படி. கப்பல் உடையலாம் என்று வெளிப்படையாக ஒத்துக்கொண்டு, அவசரப் பொருட்களை மேல்தளத்தில் தயாராக எடுத்து வைத்தார்கள். அதனால்தான் இரண்டு மணி நேரத்தில் உணவு, கூடாரம், ஸ்லீப்பிங் பேக், எரிபொருள், ரேடியோ எல்லாம் பனிக்கு இறங்கின. கையோடு கொண்டுபோயிருந்த சின்ன விமானம்கூட இறங்கியது.

நீங்கள் பட்டியல் போடும்போது இந்த வரிசையில் போடுங்கள்: தங்குமிடமும் படுக்கையும், அடுப்பும் எரிபொருளும், ரேடியோவும் பேட்டரியும், உணவு, அப்புறம் கருவிகள். கருவிகளைத்தான் எல்லாரும் மறக்கிறார்கள். செல்யுஸ்கின் குழு கையில் மிஞ்சியது சில மண்வெட்டிகளும் பனி வாரும் சட்டுவங்களும் இரண்டு கடப்பாரைகளும்தான். அந்த இரண்டு கடப்பாரைகள் என்ன வேலை செய்தன என்று பின்னால் பார்ப்போம்.

இன்னொன்று. கப்பல் சாயத் தொடங்கிய பிறகு யாரும் திரும்பி உள்ளே போகக் கூடாது, மேல்தளத்திலும் நிற்கக் கூடாது. அன்று இறந்த ஒரே ஒருவர், பண்டகப் பொறுப்பாளர் போரிஸ் மொகிலேவிச். கடைசி நிமிடத்தில் மேல்தளத்துச் சரக்கு உருண்டு அவரைச் சாய்த்துவிட்டது, கப்பலோடு போய்விட்டார்.

படி 2: தலையை எண்ணுங்கள், பிறகு முதல் இரவைக் கடத்துங்கள்

பனிக்கு வந்ததும் முதல் வேலை பெயர் கூப்பிட்டு எண்ணுவது. இருட்டு, காற்று, கத்தல் நடுவே யார் இல்லை என்பது தெரியவே தெரியாது. எண்ணிக்கையை எழுதி வையுங்கள், அது கடைசி வரை உங்கள் கையில் இருக்கவேண்டும்.

முதல் இரவில் ஆளைக் கொல்வது ஈரம். மூட்டை தூக்கி ஓடியதில் வியர்த்திருக்கும், அந்த வியர்வை அரை மணி நேரத்தில் சட்டைக்குள்ளேயே உறைய ஆரம்பிக்கும். அதனால் வேலை செய்யும்போது மேலுடையைக் கழற்றுங்கள், நின்றதும் உடனே போடுங்கள். கேட்க எளிதாக இருக்கும், மைனஸ் 30 டிகிரியில் கழற்ற மனசு வராது, கழற்றித்தான் ஆகவேண்டும். அடுத்தது கீழே இருந்து வரும் குளிர். மேலே நான்கு போர்வை இருந்தாலும் அடியில் ஒன்றும் இல்லாவிட்டால் உடம்புச் சூடு முழுவதையும் பனி உறிஞ்சிவிடும். பலகை, தார்ப்பாய், காலி சாக்கு, கயிற்றுச் சுருள், எது கிடைத்தாலும் முதலில் அடியில் போடுங்கள்.

படி 3: வீடு கட்டுங்கள், ஆனால் வீட்டை நம்பாதீர்கள்

கப்பல் மூழ்கிய இடத்தில் மரக்கட்டைகளும் பலகைகளும் மிதந்து மேலே வந்தன. அதை வெட்டி எடுத்து பெண்களுக்கும் குழந்தைகளுக்கும் நோயாளிகளுக்கும் ஒரு பெரிய மரக்குடில் கட்டினார்கள், சமையலுக்குத் தனியாக ஒரு இடம், சிக்னல் கொடுக்க ஒரு கோபுரம். மற்றவர்கள் கூடாரத்தில் இருந்தார்கள். நாளாக ஆக கூடாரங்களும் மாறின. தரையைத் தோண்டி இறக்கி, உள்ளே மரச்சட்டம் கொடுத்து, நிமிர்ந்து நிற்கும் உயரத்துக்குக் கொண்டுவந்தார்கள். நிமிர்ந்து நிற்க முடிகிற கூடாரம் பெரிய விஷயம், உடை மாற்றலாம், காயத்தைப் பார்க்கலாம், முதுகு பிழைக்கும்.

மூடிய கூடாரத்தில் அடுப்பு எரிகிறது என்றால் மேலே ஒரு துளை, கீழே ஒரு துளை எப்போதும் திறந்திருக்கவேண்டும். கார்பன் மோனாக்சைடுக்கு வாசனை கிடையாது. தலைவலி வந்தால், தூக்கம் சொக்கினால், முதலில் வெளியே வாருங்கள், காரணத்தை அப்புறம் தேடலாம்.

அப்புறம், நீங்கள் நிற்பது தரை இல்லை. அந்தக் குடிலுக்கு நேர் அடியிலேயே ஒரு நாள் பனி பிளந்து, கட்டியது இரண்டாகப் பிரிந்தது. அதனால் உணவை ஒரே இடத்தில் குவிக்காதீர்கள், மூன்று நான்கு இடத்தில் பிரித்து வையுங்கள். இரவில் ஒருவர் விழித்திருக்கட்டும். பூட்ஸ், கையுறை, கத்தி மூன்றும் கைக்கு எட்டும் இடத்தில் இருக்கட்டும். கூடார வாசல் மூடிக்கொண்டால் கிழித்துக்கொண்டு வெளியேறத்தான் கத்தி.

படி 4: நடப்பதா, இருப்பதா

இங்கேதான் குழு உடையும். கரை இருப்பது தெரியும், கால் துறுதுறுக்கும், இளைஞர்கள் "நாங்கள் போய் ஆள் கூட்டி வருகிறோம்" என்பார்கள்.

1928இல் இத்தாலியா என்ற வான்கப்பல் வடதுருவத்திலிருந்து திரும்பும் வழியில், நார்வேக்கு வடக்கே இருக்கும் ஸ்வால்பார்டு தீவுகளுக்கு வடகிழக்கே பனியில் மோதியது. உயிரோடு ஒன்பது பேர் கீழே கிடந்தார்கள், தலைவர் நோபிலேக்குக் கையும் காலும் முறிந்திருந்தன. ஐந்து நாள் கழித்து அவர்களில் மூன்று பேர் கரையைத் தேடி நடக்கத் தொடங்கினார்கள். கரை கண்ணுக்குத் தெரிகிற தூரம்தான். ஆனால் பனி எதிர்ப்பக்கம் நகர்ந்துகொண்டே இருந்தால் எவ்வளவு நடந்தாலும் தூரம் குறையாது. ஸ்வீடன் நாட்டு விஞ்ஞானி மால்ம்கிரென் வழியிலேயே இறந்தார், மற்ற இருவரை ஜூலை 12 அன்று கிராசின் என்ற சோவியத் பனியுடைப்புக் கப்பல் கண்டெடுத்தது. கூடாரத்திலேயே இருந்தவர்களையும் அதே கப்பல் அதே நாள் ஏற்றிக்கொண்டது. நடந்தவர்கள் ஒரு நாள்கூட முன்னால் போய்விடவில்லை.

ஷ்மிட் முதலிலேயே முடிவு சொல்லிவிட்டார்: எல்லாரும் இங்கேயே இருப்போம். கரை நூறு கிலோமீட்டருக்கு மேல், இடையில் ஆள் உயரப் பனிமேடுகள், கைக்குழந்தையைத் தூக்கிக்கொண்டு யார் போவது? என் கருத்தும் இதுதான்: உங்கள் இருப்பிடம் வெளியே யாருக்காவது தெரியும் என்றால் நகராதீர்கள். யாருக்கும் தெரியாது, தெரியப்படுத்த வழியே இல்லை, உணவும் தீர்கிறது என்ற மூன்றும் சேர்ந்தால் மட்டும்தான் நடப்பதைப் பற்றிப் பேசவேண்டும். முடிவு எடுத்ததும் காரணத்தோடு எல்லாரையும் கூட்டிச் சொல்லுங்கள். கூடாரம் கூடாரமாகக் கிசுகிசுக்க விட்டால் மூன்றாம் நாள் காலையில் இரண்டு பேரைக் காணோம் என்பார்கள்.

படி 5: குரல் கொடுங்கள்

செல்யுஸ்கின் முகாமின் உயிர்நாடி எர்ன்ஸ்ட் கிரெங்கல் என்ற ரேடியோக்காரர். விறைத்த விரலோடு கம்பம் நட்டு ஏரியல் கட்டினார். மறுநாளே கரையில் இருந்த உவெலன் நிலையத்துக்கு அவர் குரல் எட்டியது. மாஸ்கோவுக்குப் போன செய்தியில் என்ன இருந்தது பாருங்கள்: தேதி, நேரம், செவெர்னி முனையில் இருந்து 155 மைல், உவெலனில் இருந்து 144 மைல், கப்பல் பனியில் நெருங்கி மூழ்கியது. அழுகை புலம்பல் இல்லை. கேட்டவர் உடனே வரைபடத்தில் புள்ளி வைக்கலாம்.

உங்கள் செய்தியிலும் இதே வரிசை இருக்கட்டும்: எங்கே, எத்தனை பேர், காயம் எத்தனை, உணவு எத்தனை நாளுக்கு, விமானம் இறங்க இடம் உண்டா. அப்புறம் பேசும் நேரத்தைக் குறித்துக்கொண்டு, அந்த நேரத்தில் மட்டும் பேசுங்கள், பேட்டரி மிஞ்சும். பனி நகர்கிறது, அதனால் வானம் தெளியும்போதெல்லாம் இருப்பிடத்தைப் புதிதாகக் கணித்துச் சொல்லவேண்டும்.

பதில் வராவிட்டாலும் நிறுத்தாதீர்கள். இத்தாலியா குழுவின் குரலைப் பக்கத்தில் இருந்த சொந்தக் கப்பல் பிடிக்கவில்லை. எங்கோ ரஷ்யக் கிராமம் ஒன்றில் வீட்டிலேயே ரேடியோ வைத்திருந்த ஓர் இளைஞர் காதில்தான் அது விழுந்தது, விபத்து நடந்து ஒன்பதாம் நாள்.

இன்று இந்த வேலையை 406 மெகாஹெர்ட்ஸ் அவசர பீக்கன், அதாவது ஆபத்துச் சமிக்ஞை அனுப்பும் சின்னக் கருவி, செய்துவிடும். கோஸ்பாஸ்-சார்சாட் என்ற பன்னாட்டுச் செயற்கைக்கோள் அமைப்பு அதைப் பிடிக்கிறது, இந்தியாவும் அதில் உறுப்பு நாடு, நிலையம் பெங்களூருவில் இருக்கிறது. கப்பல் பீக்கன் குறைந்தது 48 மணி நேரம் ஒலிபரப்பும், ஆள் வைத்துக்கொள்வது 24 மணி நேரம். வாங்கினால் மட்டும் போதாது, பெயரும் தொடர்பு எண்ணும் பதிவு செய்திருக்கவேண்டும். செயற்கைக்கோள் ஃபோன் எடுத்துப்போனால் துருவம் வரைக்கும் எட்டும் வகைதானா என்று பாருங்கள், நிலநடுக்கோட்டின் மேல் நிற்கும் செயற்கைக்கோள்கள் துருவத்தில் அடிவானத்துக்குக் கீழே போய்விடும். பேட்டரி உங்கள் உள்சட்டைக்குள் உடம்போடு இருக்கட்டும். குளிரில் செத்த மாதிரி தெரியும் பேட்டரி பலமுறை உடம்புச் சூட்டில் உயிர் பெறும்.

படி 6: தண்ணீர், உணவு, உடம்பு

கடல்மேல் நிற்கிறோம், குடிக்க என்ன செய்வது என்று பயப்பட வேண்டாம். கடல் பனிக்கட்டி வயதாக ஆக உப்பை இழந்துவிடும். முனைகள் மழுங்கி நீலம் பாய்ந்த பழைய பனியை உருக்கினால் குடிக்கலாம், சாம்பல் நிறத்தில் பால் மாதிரி இருக்கும் புதுப்பனி உப்புக் கரிக்கும். பனியை அப்படியே வாயில் போட்டு விழுங்காதீர்கள், அதை உருக்க உடம்புச் சூடு செலவாகும். பாத்திரத்தில் அடியில் கொஞ்சம் தண்ணீர் விட்டு அதன்மேல் பனியைப் போட்டு உருக்குங்கள், இல்லாவிட்டால் அடி கருகும், எரிபொருளும் வீண்.

சாப்பாட்டில் கொழுப்பும் மாவும் முக்கியம், வெறும் இறைச்சி போதாது. பனிக்கரடி சுட்டால் ஈரலைத் தொடவே கூடாது, அதில் உள்ள வைட்டமின் ஏ விஷமாகும் அளவுக்கு இருக்கும். அளந்து கொடுக்கும் பொறுப்பு ஒரே ஆளிடம் இருக்கட்டும், அளக்கும்போது எல்லாரும் பார்க்கட்டும்.

பனிக்கடிக்கு ஒரு விதி. மூக்கு நுனியோ விரலோ வெளுத்து மரத்துப்போனால் பனியால் தேய்க்காதீர்கள், தேய்க்கவே தேய்க்காதீர்கள். ஆரம்பத்திலேயே கண்டுபிடித்தால் அக்குளில் வைத்துச் சூடேற்றலாம். ஆழமாக உறைந்துவிட்டால், மறுபடி உறையாது என்ற உறுதி இருந்தால் மட்டும் 37 முதல் 39 டிகிரி வெந்நீரில் வைக்கவேண்டும். உருகி மறுபடி உறைந்தால் விரலே போகும். ஒருவர் நடுங்குவதை நிறுத்திவிட்டு உளறத் தொடங்கினால் அவருக்குக் குளிர் விட்டுவிட்டது என்று அர்த்தம் இல்லை, உடல்வெப்பம் ஆபத்தான அளவுக்கு இறங்கிவிட்டது. அவரை மெதுவாகப் படுக்க வையுங்கள், ஈரத்தைக் கழற்றி உலர்ந்ததைப் போர்த்துங்கள், சாராயம் கொடுக்காதீர்கள். இருவர் இருவராக ஜோடி சேர்த்து, ஒருவர் முகத்தை மற்றவர் அடிக்கடி பார்க்கச் சொல்லுங்கள். தன் மூக்கு வெளுப்பது தனக்குத் தெரியாது.

படி 7: ஓடுபாதை

நான் இந்த வழிகாட்டியை எழுத உட்கார்ந்ததே இந்தப் படிக்காகத்தான்.

1934இல் அந்த இடத்துக்கு வர ஒரே வழி விமானம், சக்கரமோ சறுக்குக்கட்டையோ வைத்து இறங்கும் விமானம். அதற்கு நீளமான தட்டைப்பரப்பு வேண்டும். பழைய பனி தடிமன்தான், ஆனால் மேடும் பள்ளமும். தட்டையாக இருப்பது, பனி பிளந்து திறந்த நீர்ப்பரப்பு புதிதாக உறைந்த இடம். அதாவது எங்கே விமானம் இறங்க வசதியோ அங்கேதான் பனி இளசு, அங்கேதான் முதலில் வெடிக்கும். இந்தச் சிக்கலுக்குத் தீர்வு கிடையாது, உழைப்புதான் உண்டு.

முகாமில் இருந்து சில கிலோமீட்டர் தள்ளி அவர்கள் இடம் பார்த்தார்கள். மேடுகளைக் கடப்பாரையால் உடைத்து, துண்டுகளைப் பலகையில் வைத்து இழுத்து ஓரத்தில் கொட்டி, குழியில் பனியைத் திணித்து மிதித்தார்கள். முடித்த மறுநாளோ அதற்கு மறுநாளோ வெடிப்பு குறுக்கே ஓடும், இல்லாவிட்டால் பக்கத்துத் தட்டு நெருக்கி நடுவில் ஒரு மேட்டை எழுப்பிவிடும். திரும்பவும் இடம் தேடவேண்டும். இப்படி 13 முறை. இரண்டு கடப்பாரை, கொஞ்சம் மண்வெட்டி, முறை வைத்து ஆட்கள். ஒரு சின்னக் குழு ஓடுபாதைப் பக்கத்திலேயே கூடாரம் போட்டுத் தங்கி இரவும் பகலும் வெடிப்பைக் கவனித்தது. காலையில் அவர்கள் பார்த்துச் சொல்லும் நிலவரம்தான் கிரெங்கல் வழியாகக் கரைக்குப் போகும்.

மார்ச் 5 அன்று அனதோலி லியாப்பிதேவ்ஸ்கி இரட்டை எஞ்சின் விமானத்தை இறக்கினார். அதற்கு முன் 29 முறை கிளம்பி, வானிலையாலும் எஞ்சினாலும் முகாமை எட்ட முடியாமல் திரும்பியவர் அவர். அன்று அவருக்குக் கிடைத்த பாதை ஏறக்குறைய 400 மீட்டர் நீளம், 150 மீட்டர் அகலம். சுற்றிலும் பனிமேடு. அந்த அளவுப் பரப்பில் அவ்வளவு பெரிய விமானத்தை இறக்கி, பத்துப் பெண்களையும் இரண்டு குழந்தைகளையும் ஏற்றி, மறுபடி எழும்பினார். பாதை அன்று காலை வெடித்திருந்தால் அவர் முப்பதாவது முறையும் திரும்பித்தான் போயிருப்பார்.

நீங்கள் செய்யும்போது நினைவில் வைக்கவேண்டியவை: பாதை காற்று அடிக்கும் திசையில் இருக்கட்டும். எல்லைக்கு இருட்டு நிறத்தில் ஏதாவது நடுங்கள், வெள்ளைக்குள் வெள்ளை விமானிக்குத் தெரியாது. நீளத்தைக் கால்தப்படியால் குத்துமதிப்பாகச் சொல்லாமல் கயிற்றால் அளந்து சொல்லுங்கள். குறைவாக இருந்தால் குறைவு என்றே சொல்லுங்கள். இத்தாலியா முகாமில் முதல்முறை நல்லபடியாக இறங்கி நோபிலேயைத் தூக்கிச்சென்ற ஸ்வீடன் விமானி லுண்ட்போர்க், அடுத்த முறை இறங்கும்போது விமானம் கவிழ்ந்து, அவரே பல நாள் அந்த முகாமில் மாட்டிக்கொண்டார். இன்று ஹெலிகாப்டர் வரும் என்றாலும் வேலை இருக்கிறது: தளர்ந்த பனியை மிதித்துக் கெட்டியாக்குங்கள், பறக்கக்கூடிய பொருள் எல்லாவற்றையும் அகற்றுங்கள்.

படி 8: கண்ணில் படுங்கள்

மேலே இருந்து பார்த்தால் நூறு பேர் முகாம்கூட ஒரு நிழல்தான். இத்தாலியா குழு உயரம் அளக்க வைத்திருந்த சாயத்தைக் கூடாரத்தில் பூசிச் சிவப்பாக்கியது. செல்யுஸ்கின் முகாமில் விமானம் கிளம்பிய செய்தி வந்ததும் கரும்புகை எழுப்பினார்கள். ரப்பர், எண்ணெய்த் துணி எரித்தால் கரும்புகை வரும், அதைத் தினமும் எரித்துத் தீர்க்காமல் விமானச் சத்தத்துக்காகவே சேர்த்து வையுங்கள்.

படி 9: நாளுக்கு ஒரு ஒழுங்கு

எழும் நேரம், சாப்பாட்டு நேரம், வேலை முறை. மாலையில் செய்தி. ஷ்மிட் கணிதப் பேராசிரியர், அவர் மாலை நேரங்களில் வகுப்பு எடுத்தார். சுவரொட்டிப் பத்திரிகை ஒன்று நடத்தினார்கள், அதன் பெயர் 'சரணடைய மாட்டோம்'. ரேடியோவில் வந்த செய்தி நல்லதோ கெட்டதோ எல்லாருக்கும் அப்படியே படித்துக் காட்டப்பட்டது. லியாப்பிதேவ்ஸ்கி அடுத்த பயணத்தில் எஞ்சின் உடைந்து வழியில் இறங்கிவிட்டார், இனி அவர் வரமாட்டார் என்ற செய்தி உட்பட. ஒரு மாதம் வேறு பெரிய விமானம் வரவில்லை. அந்த மாதத்தைத் தாண்டியது வேலை முறையால்தான் என்று நான் நினைக்கிறேன், நாளைக்கு எந்த மேட்டை உடைக்கவேண்டும் என்று தெரிந்தவனுக்கு இரவில் தூக்கம் வரும்.

படி 10: யார் முதலில்

வரிசையை முதல் விமானம் வருவதற்கு முன்பே எழுதி அறிவித்துவிடுங்கள். குழந்தைகள், அவர்களின் தாய்மார், நோயாளிகள், பலவீனமானவர்கள், பிறகு மற்றவர்கள், பொறுப்பில் இருப்பவர்கள் கடைசி.

ஏப்ரல் 2 அன்று கப்பலோடு வந்திருந்த விமானி பபுஷ்கின் தன் மெக்கானிக்கோடு, முதல் படியில் சொன்ன அந்தச் சின்ன விமானத்தைத் தானே ஓட்டிக்கொண்டு வங்கரெம் என்ற சுக்சி மக்களின் கிராமத்துக்குப் போனார். அங்கேதான் மீட்புத் தளம். விமானத்துக்கு வேண்டிய பெட்ரோலைச் சுக்சி மக்கள் நாய்வண்டிகளில் இழுத்துவந்து சேர்த்திருந்தார்கள். ஏப்ரல் 7 முதல் மற்ற விமானிகள் வரத் தொடங்கினார்கள். வாசிலி மொலோகோவ் ஓட்டியது சின்ன விமானம், உள்ளே இடமே கிடையாது. அவர் இறக்கைக்கு அடியில் சரக்குப் பாராசூட் வைக்கும் நீளப்பெட்டிகளில் ஆளைப் படுக்க வைத்துக் கொண்டுபோனார். உடம்பை ஒடுக்கிக்கொண்டு, வெளிக்காற்று அலற, இருட்டுப் பெட்டிக்குள் அந்தப் பறப்பு எப்படி இருந்திருக்கும்! மொலோகோவ் ஒருவரே 39 பேரைக் கரை சேர்த்தார், இன்னொரு விமானி கமானின் 34 பேரை.

தலைவருக்கு நோய் வந்தால் வரிசையை மாற்றத் தயங்காதீர்கள். ஷ்மிட்டுக்கு நுரையீரல் அழற்சி, ஆனாலும் கடைசியில்தான் போவேன் என்று இருந்தார். மாஸ்கோவில் இருந்து உத்தரவு வந்த பிறகுதான் கிளம்பினார். பொறுப்பு அன்றே துணைத்தலைவர் பொப்ரோவ் கைக்கு மாறியது. இரண்டாம் ஆள், மூன்றாம் ஆள் யார் என்பது எல்லாருக்கும் முதல் நாளே தெரிந்திருக்கவேண்டும்.

படி 11: கடைசி ஆறு பேர்

ஏப்ரல் 12 இரவு நூற்றுக்கும் மேற்பட்டோர் இருந்த முகாமில் ஆறு பேர் மட்டும். பொப்ரோவ், கேப்டன் வொரோனின், கிரெங்கல், அவர்களோடு மூன்று பேர். கடைசி இரவுதான் மிகவும் ஆபத்தான இரவு. ஆள் குறைவு, காவலுக்கு நிற்க ஆள் இல்லை, ஓடுபாதை வெடித்தால் புதிதாகப் போடக் கை போதாது. அதனால் கடைசிக் குழுவில் நிற்கத் தேர்ந்தெடுப்பவர்கள் வலுவானவர்களாக இருக்கட்டும், ரேடியோக்காரர் கட்டாயம் இருக்கட்டும். பாதி மாத உணவை அவர்களுக்கு விட்டு வையுங்கள்.

மறுநாள் விமானங்கள் வந்தன. கிரெங்கல் தன் அழைப்புக்குறியைக் கடைசியாக ஒருமுறை தட்டிவிட்டு ரேடியோவைக் கழற்றினார். நாய்கள் எட்டையும் விடவில்லை, ஏற்றிக்கொண்டார்கள்.

வங்கரெமில் இறங்கியதும் இரண்டாம் படியில் எழுதிவைத்த தாளை எடுங்கள், பெயர் கூப்பிடுங்கள். லியாப்பிதேவ்ஸ்கி 12, மொலோகோவ் 39, கமானின் 34, வோதோப்யானோவ் 10, ஸ்லெப்னியோவ் 5, தோரோனின் 2, தாங்களே பறந்து வந்த இருவர். 104.